அப்பாவை விட்டுவிட்டீர்களே: பாஃப்டாவுக்கு ஒரு திறந்த மடல்

பிரிட்டனின் திரைப்பட, தொலைக்காட்சி விருதுகளை வழங்கும் பாஃப்டா குழுவினருக்கு,

வணக்கம். ஆங்கிலேயக் குணச்சித்திர நடிகர் பீட் பாசில்த்வெய்ட் 2011 ஜனவரி 2 அன்று இறந்தார். அதே மாதம் நீங்கள் வெளியிட்ட பரிந்துரைப் பட்டியலில், துணை நடிகர் பிரிவில் அவர் பெயர் இருந்தது. 'தி டவுன்' படத்தில், பூக்கடையில் உட்கார்ந்தபடி கொள்ளைக் கும்பலை ஆட்டிவைக்கும் கிழவர் வேடத்துக்காக. விருது ஜெஃப்ரி ரஷ்ஷுக்குப் போனது. அதில் எனக்கு வருத்தமில்லை. என் குறை வேறு.

1993இல் வந்த 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' நினைவிருக்கும். குண்டுவெடிப்பு வழக்கில் பொய்யாகச் சிக்கிய மகனுக்கு உதவ பெல்ஃபாஸ்டிலிருந்து லண்டன் வந்து, தானும் கைதாகி, 1980இல் கைதியாகவே இறந்துபோன ஜுசெப்பே கான்லனாக அவர் நடித்தார். மகனாக நடித்த டேனியல் டே லூயிஸைவிட அவருக்கு 11 வயதுதான் அதிகம். படம் ஓடும்போது யாருக்காவது அந்தக் கணக்கு தோன்றுமா? ஆஸ்கர்காரர்கள் அவரைப் பரிந்துரைத்தார்கள். நீங்கள் மகனைப் பரிந்துரைத்தீர்கள், அப்பாவை விட்டுவிட்டீர்கள்.

சரி, ஒரு வருடப் பட்டியலில் விடுபடுவது யாருக்கும் நடக்கும். ஆனால் அதற்கு முன்பே, 1988இல், டெரன்ஸ் டேவிஸ் இயக்கிய 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' வந்திருந்தது. லிவர்பூலின் ஒரு தொழிலாளர் குடும்பம். அதிலும் அவர் அப்பாதான். கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு, தூங்கும் பிள்ளைகளின் கட்டிலில் சத்தமில்லாமல் பரிசு வைக்கிறார். மறுநாள் சாப்பாட்டு மேசை விரிப்பைத் தட்டுகளோடு இழுத்துத் தள்ளுகிறார். அதே ஒட்டிய கன்னம், அதே துருத்திய எலும்பு. இந்த லிவர்பூல் அப்பாவைப் பார்த்தால் வயிற்றைக் கலக்குகிறது. அந்த ஜுசெப்பே அப்பாவைப் பார்த்தால் கையைப் பிடித்துக்கொள்ளத் தோன்றுகிறது. இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் இந்த மனிதர் என்ன செய்திருக்கிறார் என்பதே புரியும்.

உங்கள் முறையில் அப்படிப் பார்க்க வழியில்லை. ஒரு வருடம், ஒரு படம், ஒரு வேடம். படம் முழுக்க வருகிற நாயகனுக்கு அது போதும். சில காட்சிகளில் வந்துபோகும் குணச்சித்திர நடிகருக்குப் போதாது; அவருடைய திறமை ஒரு வேடத்துக்கும் அடுத்த வேடத்துக்கும் உள்ள தூரத்தில் இருக்கிறது. தொலைக்காட்சியில் நிலைமை இன்னும் மோசம். 'ஷார்ப்' தொடரில் அவர் சார்ஜென்ட் ஹேக்ஸ்வில்லாக வந்து குலைநடுங்க வைத்தது 1994இல். துணை நடிகர்களுக்கென்று நீங்கள் அங்கே பிரிவு தொடங்கியதே 2010இல்தான்.

'பிராஸ்ட் ஆஃப்' படத்தில், சுரங்கத் தொழிலாளர்களின் பேண்டு குழுவை நடத்துகிறவராக ராயல் ஆல்பர்ட் ஹால் மேடையில் நின்று, ஜெயித்த கோப்பையையே வேண்டாம் என்பார். நிஜத்தில் அவர் கோப்பைக்காக ஏங்கினார் என்று நான் சொல்ல வரவில்லை. ஏங்குவது நடிகரின் வேலையும் இல்லை. தேடிப்போய்க் கொடுப்பது உங்கள் வேலை.

வாழ்நாள் பணிக்கென உங்களிடம் ஃபெல்லோஷிப் இருக்கிறது. 1971இல் ஹிட்ச்காக்கில் தொடங்கியது. நான் கேட்பது அந்த உயரத்தில் இல்லை. ஆண்டுக்கு ஒருவர், சிறு வேடங்களாலேயே வாழ்ந்தவர். சினிமா, தொலைக்காட்சி என்று பிரிக்காமல், அவருடைய ஐந்தாறு வேடங்களை நடுவர்கள் ஒன்றாகப் போட்டுப் பார்த்து முடிவு செய்யட்டும். அப்புறம், அந்த நடிகர் நேரில் வந்து வாங்கிக்கொள்ளும் நிலையில் இருக்கும்போதே கொடுத்துவிடுங்கள்.

இப்படிக்கு,
பெயர்ப் பட்டியல் ஓடி முடியும்வரை எழுந்திருக்காத ஒரு ரசிகர்