பிடித்து வைத்த பிள்ளையார்கள்

முரளி,

கடிதம் கிடைத்தது. உன் அக்கா பெண் கல்யாணம் நல்லபடியாக நடந்ததில் சந்தோஷம், வராததற்கு நேரில் பார்க்கும்போது திட்டிக்கொள். இங்கே வீட்டுக்கு வெள்ளையடித்து முடித்தாயிற்று, தோள்பட்டை வலிதான் இன்னும் மிச்சம்.

அப்புறம் உன் கேள்வி. ஐந்தாறு பெண்கள் சண்டை போட, நடுவில் பிடித்து வைத்த பிள்ளையார் மாதிரி ஒருத்தன் உட்கார்ந்திருக்கிறான், இந்த வயதில் அனிமே என்கிற இந்த ஜப்பான் கார்ட்டூனை எப்படிடா பார்க்கிறாய் என்று கேட்டிருக்கிறாய். நியாயம்தான், ஆனால் எல்லாப் பிள்ளையாரும் ஒன்றில்லை.

1992-ல் வெளிவர ஆரம்பித்த 'டென்ச்சி முயோ' தொடரை எடுத்துக்கொள், டென்ச்சி என்ற பையன்தான் அதில் பிள்ளையார். தாத்தா பூசாரியாக இருக்கும் கோயில் பக்கத்துக் குகையை டென்ச்சி கை சும்மா இருக்காமல் திறந்துவிடுகிறான், 700 வருஷமாக அடைபட்டிருந்த விண்வெளிக் கொள்ளைக்காரி ர்யோகோ வெளியே வருகிறாள். அவ்வளவுதான். அதற்குப் பிறகு இளவரசி, போலீஸ்காரி, விஞ்ஞானி என்று ஆகாயத்திலிருந்து வரிசையாக வந்து இறங்குகிறார்கள், இவன் பாட்டுக்குக் கோயில் முற்றத்தைப் பெருக்கிக்கொண்டு, கேரட் தோட்டத்தைப் பார்த்துக்கொண்டு இருக்கிறான். எனக்கு அது உறுத்தவே இல்லை. கதை அந்தப் பெண்களுடையது, அவர்கள் வந்து தங்க ஒரு வீடும் கத்தாத ஒரு ஆளும் வேண்டும், இவன் அந்த ஆள்.

கடுப்பேற்றுவது 'இன்ஃபினிட் ஸ்ட்ராடோஸ்' தொடரின் நாயகன் இச்சிகாதான். பெண்கள் மட்டுமே இயக்க முடிகிற போர்க்கவசம், அதற்குள் இருக்கும் 'கோர்' என்ற மையக் கருவி உலகம் முழுக்க மொத்தம் 467, அதை இயக்க முடிந்த ஒரே பையன் இவன், ஆகவே பெண்கள் மட்டும் படிக்கும் பள்ளியில் கொண்டுவந்து சேர்த்துவிடுகிறார்கள். யோசித்துப் பார், அறிவியல் புனைவு என்று இதில் இருப்பதெல்லாம் இவனை அந்த வகுப்பில் உட்கார வைக்கச் செய்த ஏற்பாடுதான். தினமும் உன் மிசோ சூப்பைக் குடிக்க ஆசை என்று சொல்லிப் பெண் கேட்பது ஜப்பானில் பழைய வழக்கம், லிங்யின் என்ற சீனப் பெண் அதையே கொஞ்சம் மாற்றி, சமையல் நன்றாக வந்ததும் நான் செய்யும் பன்றிக்கறியைத் தினமும் சாப்பிடுவாயா என்று சின்ன வயதில் கேட்டிருக்கிறாள். இவன் அதை ஓசிச் சாப்பாடு என்று ஞாபகம் வைத்திருக்கிறான்! புரிந்துவிட்டால் கதை முடிந்துவிடும், அதனால் புரியாது. இது மந்தபுத்தி இல்லை, தொடரை இழுக்கிற வேலை.

இவனுக்கு நேர் எதிர், 1978-ல் ருமிகோ தகஹாஷி தொடங்கிய 'உருசெய் யாட்சுரா' படக்கதையின் நாயகன் அதாரு. கண்ணில் படுகிற பெண்ணையெல்லாம் துரத்துவான், ஒருத்தியும் சிக்க மாட்டாள். ஆனால் கடைசியில், பிடிக்கும் என்று ஒரு வார்த்தை சொல்லாவிட்டால் வேற்றுக்கிரகப் பெண் லம் எல்லோருடைய நினைவிலிருந்தும் அழிந்துபோவாள் என்ற நிலையிலும் சொல்ல மாட்டேன் என்கிறான். வாயை மூடிக்கொண்டு இருப்பதும் ஒரு செயல்தான் என்பதை அங்கேதான் பார்த்தேன். சாகும் நேரத்தில் சொல்கிறேன் என்பான், படவா.

நீ டென்ச்சியின் முதல் ஆறு பாகம் மட்டும் பார். 2003-ல் வந்த மூன்றாவது வரிசைக்குப் போகாதே, அங்கே பெரியவர்களே பார்த்து அவனுக்கு ஒரு பெண்ணை நிச்சயம் செய்து அனுப்பிவிடுகிறார்கள், அதற்கும் அவன் சரி சரி என்று விழிக்கிறான்.

அன்புடன்,
சேகர்