முப்பது நாளுக்குள் முடிவெடுங்கள்

நீலகிரி மாவட்ட அரசுத் துறை அதிகாரிகளுக்கும், அவர்களுக்காக வாதாடும் அரசு வக்கீல்களுக்கும்,

வணக்கம்.

கூடலூர், பந்தலூர் பக்கம் நிலம் என்றாலே கோர்ட்டும் கூடவே வரும். ஜென்மிகள் என்ற பரம்பரை நிலவுடைமையாளர்களின் எஸ்டேட்டுகளை ஒழிக்க 1969-ல் வந்த ஜென்மம் எஸ்டேட் ஒழிப்புச் சட்டம் கிளப்பிய வழக்குகளே இன்னும் ஓய்ந்தபாடில்லை. இங்கே ஒருவர் கைக்குத் தீர்ப்பு வருவது எவ்வளவு பெரிய விஷயம் என்று உங்களுக்கே தெரியும். அந்தத் தீர்ப்பைக் கிடப்பில் போட்டுவிட்டு, காலம் போன பிறகு, தீர்ப்பளித்த நீதிமன்றமே அதைத் திரும்பப் பார்க்கக் கேட்கும் மறுஆய்வு மனுவோடு வராதீர்கள் என்று கேட்கவே இந்த மடல்.

எனக்குத் தெரிந்த சிறு தேயிலை விவசாயி ஒருவர் உயர் நீதிமன்றத்தில் ஒரு துறையை எதிர்த்து ஜெயித்தார். உத்தரவு நிறைவேறவில்லை. பொறுத்துப் பார்த்து நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டார். நோட்டீஸ் போன பிறகுதான் அந்தத் துறை மறுஆய்வு மனுவும், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் தாக்கல் செய்தது. கோப்பு ஒரு பிரிவிலிருந்து இன்னொரு பிரிவுக்குப் போனதாம், அதிகாரி மாறினாராம். அதற்குப் பதில் சொல்ல அந்த விவசாயி மறுபடி வக்கீலுக்குப் பணம் புரட்டி, மேட்டுப்பாளையம் இறங்கி, ராத்திரி ரயிலில் சென்னை போக வேண்டும். போனால் வாய்தா. ஜெயித்தவருக்கு ஏன் இந்தத் தண்டனை?

மறுஆய்வுக்குச் சட்டம் தந்திருப்பது 30 நாள். தீர்ப்பு நகல் வாங்க ஆகும் நாட்கள் அதில் சேராது. முழு வழக்கையும் திரும்ப நடத்துவதற்கான வழியும் அல்ல அது. முயன்று தேடியும் அப்போது கிடைக்காத முக்கிய ஆதாரம், ஆவணத்தைப் பார்த்ததுமே தெரிகிற பிழை, இவற்றை ஒத்த வேறு தகுந்த காரணம், இவ்வளவுதான். பார்த்ததுமே தெரிகிற பிழை என்று எழுதுகிற அதே கை, அதைப் பார்க்க ஒன்றரை வருடம் ஆனது என்று எப்படி எழுதுகிறது?

தாமதத்தைத் தாராளமாகப் பார்க்க வேண்டும் என்று 1987-ல் காத்திஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை மேற்கோள் காட்டுவீர்கள். அந்த வழக்கில் தாமதம் நான்கே நாள். 2012-ல் அஞ்சல் துறை 427 நாள் தாமதித்து வந்தபோது, கோப்பு நகர்ந்த கதையை அதே நீதிமன்றம் ஏற்கவில்லை. கால வரம்பு அரசையும் கட்டும் என்றது. 2020-ல் 663 நாள் தாமதித்த மத்தியப் பிரதேச அரசுக்கு 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்து, அதைப் பொறுப்பான அதிகாரிகளிடம் வசூலிக்கச் சொன்னது. இவை மேல்முறையீடுகள்தான். ஆனால் தீர்ப்பளித்த நீதிமன்றத்திடமே திரும்பிப் போகும்போது இன்னும் அதிகக் கண்டிப்பு வேண்டாமா?

ஜூலை மழையில் மண் சரிந்து பாதை அடைபட்டவர், நாள் கணக்கைச் சொல்ல ஆளில்லாத பணியர் பழங்குடிக் குடும்பம், அவர்களுக்கு நீதிமன்றம் தாராளம் காட்டட்டும். சட்டப்பிரிவும் சம்பளத்தில் வக்கீலும் வைத்திருக்கும் துறைக்கு அது எதற்கு?

நகல் கைக்கு வந்த 30 நாளுக்குள் நிறைவேற்றுவதா, மறுஆய்வா, மேல்முறையீடா என்று முடிவெடுத்து, அதை எழுத்தில் எதிர்த்தரப்புக்கு அனுப்புங்கள். உண்மையிலேயே புது ஆவணம் கிடைத்தால் தாராளமாக வாருங்கள். அது எந்தத் தேதியில், எந்த அலுவலகத்தில் கிடைத்தது என்று மனுவில் சொல்லுங்கள். அப்புறம், தடையுத்தரவு இல்லாமல் மனு நிலுவையில் கிடப்பதை மட்டும் காட்டி உத்தரவை நிறுத்தி வைக்காதீர்கள்.

இப்படிக்கு,
கூடலூரிலிருந்து ஒரு தேயிலை விவசாயி