'பொற்றை'யில் டகரம் இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் நாளிதழின் அருஞ்சொல் பகுதியில் பொருளோடு ஒலிப்பும் தருவது பாராட்டத்தக்கது. அதனால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது. 'பொற்றை' என்றால் சிறு குன்று, பொருள் சரி. ஒலிப்பு 'பொட்ரை' என்று அச்சாகியிருக்கிறது. வீட்டின் முன்பக்கத்தைக் குறிக்கும் 'முன்றில்', 'முன்ட்ரில்' ஆகியிருக்கிறது. இவற்றில் டகரமும் இல்லை, ரகரமும் இல்லை.

தொல்காப்பியப் பிறப்பியல் ற, ன இரண்டுக்கும் நுனிநா அண்ணத்தை 'ஒற்ற' வேண்டும் என்கிறது. ர, ழ இரண்டுக்கும் 'வருட' வேண்டும் என்கிறது. ஒற்றுவது வேறு, வருடுவது வேறு.

முத்தம், முற்றம், முட்டம் என்று வரிசையாகச் சொல்லிப் பாருங்கள். முதலாவதில் நாநுனி மேற்பல்லின் உட்புறத்தில் படும். மூன்றாவதில் நாக்கு மேல்நோக்கி வளைந்து அண்ணத்தைத் தொடும். நடுவில் உள்ளதற்கு, மேற்பல்லுக்குச் சற்று உள்ளே ஈறு மேடிட்டிருக்கும் இடத்தில் நாநுனியை அழுத்தி, அதிராமல் விட வேண்டும். 'ர்' என்று சிறிது உருண்டாலும் தவறு. ன்ற-வுக்கும் இடம் அதுவே: பந்து, கன்று, வண்டு என்ற வரிசையில் நடுச்சொல். 'ன்' சொன்ன நாக்கை எடுக்காமல் அங்கேயே மெல்ல விட்டால் போதும்.

அறம், மறை போன்ற சொற்களில் தனி றகரம் அதிர்கிறது. அந்தப் பழக்கத்தை இரட்டை றகரத்துக்கும் கொண்டுபோவதால்தான் பிழை வருகிறது. வெற்றி என்ற பெயரை ஆங்கிலத்தில் டி, ஆர் போட்டு எழுதுவதும் இதை உறுதியாக்கிவிட்டது.

குமரி மாவட்டத்தில் எங்கள் விளவங்கோடு, கல்குளம் பகுதிப் பெரியவர்கள் பேச்சில் பழைய ஒலி இன்னும் இருக்கிறது. யாழ்ப்பாணத் தமிழிலும் உண்டு. எல்லையிலுள்ள களியக்காவிளையைத் தாண்டிக் கேரளத்துக்குள் போனால் அன்றாடம் காதில் விழும். நெய்யாற்றின்கரை என்று அவ்வூர்க்காரர் சொல்வதைக் கவனியுங்கள். ஸ்டாண்ட், ஸ்டேஷன் என்ற ஆங்கிலச் சொற்களில் வரும் 't' ஒலிக்கும் மலையாளத்தில் இந்த இரட்டை றகரத்தையே எழுதுகிறார்கள். அவ்வளவு நெருக்கமான ஒலி. 'நெய்யாட்ரின்கரை' என்றால் அங்கே யாருக்கும் புரியாது. அதேபோல, 'பொட்ரை' என்று படிப்பவருக்கு, அது இங்கே தினமும் புழங்கும் பொத்தைதான், பொத்தையடி என்ற ஊர்ப்பெயரில் இருப்பதும் அதுதான் என்பது பிடிபடாது.

இன்னொன்று: பலம் என்ற பழைய எடையளவில் கால் பங்கைக் குறிக்கும் 'கஃசு'. ஃபேன், ஃபைல் பழக்கத்தில் இதை 'கஃப்சு' என்கிறார்கள். ஆய்தத்துக்கு உதடு சேரவே கூடாது.

இனி ற்ற வரும் சொல்லுக்குப் பக்கத்தில் 'முற்றம் போல', ன்ற வந்தால் 'கன்று போல' என்று போட்டு, இந்த விளக்கத்தை ஒருமுறை கட்டம் கட்டி வெளியிடுங்கள். இணையப் பதிப்பில் ஒலிப்பதிவு சேர்ப்பதானால், வாசிக்கக் குமரி மேற்குப் பகுதியைச் சேர்ந்த ஒருவரை அழையுங்கள்.

தமிழாசிரியர் ஒருவர்,
குழித்துறை