ஒளிப்பதிவாளரின் பெயரையும் அச்சிடுங்கள்

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

பழைய மலாய்ச் சினிமாவையும் அதன் புகழ்பெற்ற நடிகரும் இயக்குநருமான பி. ரம்லியையும் பற்றித் தங்கள் ஞாயிறு இதழில் வந்த கட்டுரையை ஆவலோடு வாசித்தேன். நடிகர்கள், இயக்குநர்கள், பாடல்கள் எல்லாம் இருந்தன. கமராவுக்குப் பின்னால் நின்றவர்களில் ஒருவருடைய பெயர்கூட இல்லை. கல்லடியில் நெடுங்காலம் புகைப்பட ஸ்டூடியோ நடத்தியவன் என்ற முறையில் இந்தக் குறை என்னை உறுத்துகிறது.

ரம்லி முதன்முதலாக இயக்கிய ‘பெனாரெக் பெச்சா’ 1955இல் வந்தது. ஏழை ரிக்‌ஷாக்காரனுக்கும் பணக்காரப் பெண்ணுக்கும் இடையிலான கதை. சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் இருந்த ஷா சகோதரர்களின் ஸ்டூடியோ தயாரித்த அந்தப் படத்துக்கு ஒளிப்பதிவு ஏ. பக்கார் அலி. 1957இல் வந்து இன்றுவரை மலேசியர்களைச் சிரிக்க வைக்கும் ‘பூஜாங் லாபோக்’கும் அவர் எடுத்ததுதான். கோலாலம்பூரில் மகள் வீட்டில் இருந்தபோது தொலைக்காட்சியில் இவற்றைப் பார்த்தேன். எனக்கு மலாய் தெரியாது. வசனம் புரியாததால் கண் முழுவதும் வெளிச்சத்திலேயே இருந்தது.

கறுப்பு வெள்ளையில் வேலை செய்தவர்களுக்கு அதன் கஷ்டம் தெரியும். சிவப்புச் சேலையும் பச்சைச் சுவரும் படத்தில் ஒரே சாம்பலாகிவிடும். கருங்கூந்தல் இருட்டான பின்புறத்தோடு ஒட்டிப் போகும். பின்னாலிருந்து மெல்லிய கோடாக ஒரு வெளிச்சம் விழுந்தால்தான் தலை தனியாகத் தெரியும். எங்கள் மாநிற முகங்களுக்கு நேர் வெளிச்சம் ஆகாது. நெற்றி வியர்வை பளபளக்கும், கன்னம் தட்டையாகும். ஸ்டூடியோவில் எங்களுக்குத் தப்பிக்க ஒரு வழி இருந்தது. நெகட்டிவை விளக்குக்கு மேலே வைத்து, கூராகச் சீவிய பென்சிலால் கண்ணுக்குக் கீழுள்ள நிழலைத் தொட்டுத் தொட்டு நிரப்புவோம். பிரதி எடுக்கும்போது அந்த இடம் வெளுத்து வரும். மணப்பெண் படமென்றால் அதற்கே ஒரு மாலைப்பொழுது போய்விடும். விநாடிக்கு 24 படம் ஓடும் சினிமாவில் அதற்கெல்லாம் இடமில்லை. விளக்கை வைக்கும்போதே சரியாக வைத்தாக வேண்டும். பக்கார் அலி சரியாக வைத்திருக்கிறார்.

அந்தச் சினிமாவில் நம்மவர் பங்கும் பெரியது. ரம்லிக்கு முதல் கதாநாயக வேடம் கொடுத்த ‘பக்தி’யை (1950) இயக்கிய எல். கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர். பானி மஜும்தார் இயக்கிய ‘ஹாங் துவா’ (1956) வண்ணப்படம். அதன் ஒளிப்பதிவு என். பி. வாசுதேவ். இயக்குநர்களைப் பற்றியாவது எவராவது எழுதிவிடுகிறார்கள். வாசுதேவைப் பற்றி நான் தமிழில் ஒரு வரிகூட வாசித்ததில்லை.

பெயர் போனால் பரவாயில்லை, படம் இருக்கிறதே என்று சொல்லிவிடவும் முடியாது. 1957இல் கேத்தே-கெரிஸ் என்ற சிங்கப்பூர்ப் பட நிறுவனத்தின் ‘பொந்தியானாக்’ என்ற பேய்ப்படம் அங்கே சக்கைபோடு போட்டது. இன்று அதன் பிரதி எங்கும் இல்லை. எஞ்சியவற்றையாவது சிங்கப்பூர்க்காரர்கள் காப்பாற்றினார்கள்: அந்த நிறுவனத்தின் 91 மலாய்ப் படங்கள் 2014இல் யுனெஸ்கோவின் ‘உலக நினைவகம்’ திட்டத்தின் ஆசிய பசிபிக் பதிவேட்டில் சேர்க்கப்பட்டன. நாம் என்ன செய்தோம்? 1983 ஜூலைக் கலவரத்தில் கொழும்புக்கு அருகே ஹெந்தளையிலிருந்த விஜயா ஸ்டூடியோ எரிந்தபோது போன படச்சுருள்கள் திரும்பவில்லை. 1978 நவம்பர் சூறாவளியில் மட்டக்களப்பில் கூரை பறந்த வீடுகளில் எத்தனை குடும்பங்களின் நெகட்டிவ்கள் நனைந்து கூழாகின என்பதைக் கண்ணால் பார்த்தவன் நான். ஜெலட்டின் இளகி, ஒன்றோடொன்று ஒட்டி, பிரித்தால் முகமே உரிந்து வந்தது.

ஆகவே இரண்டு வேண்டுகோள்கள். சினிமாவைப் பற்றித் தங்கள் இதழில் எது வந்தாலும், இயக்குநரின் பெயருக்கு அடுத்து ஒளிப்பதிவாளரின் பெயரையும் தவறாமல் அச்சிடுங்கள். இலங்கைத் தமிழ்ப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர்களைப் பற்றி ஒரு தொடரும் தொடங்குங்கள். அவர்களுடைய வீடுகளில் படங்களோ குறிப்புகளோ இருந்தால் அவை கறையானுக்குப் போகுமுன் யாராவது கேட்டு வாங்க வேண்டும். கல்லடி சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்து மாணவர்கள் அந்தப் பணியில் இறங்க முன்வந்தால், கறுப்பு வெள்ளை நெகட்டிவை எப்படித் துடைப்பது, எப்படிப் பத்திரப்படுத்துவது என்று சொல்லிக்கொடுக்க நான் ஆயத்தமாக இருக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற புகைப்படக் கலைஞர்,
கல்லடி, மட்டக்களப்பு.