பந்து தந்தவர்களுக்கும் சோறு தந்தவர்களுக்கும்

அன்புள்ள எல்லோருக்கும்,

உதைபந்தாட்டம் ஆடுவதை நிறுத்திவிட்டேன் என்று சொன்னதிலிருந்து போன் ஓயவில்லை. கொட்டாஞ்சேனை, கொம்பனித்தெரு, நாவலப்பிட்டி, மாலைதீவிலிருந்துகூட. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லப் போனால் அடுத்த சீசன் வந்துவிடும், அதனால் எல்லாவற்றையும் இதிலேயே எழுதிவிடுகிறேன். யாருடைய பெயரையும் போடவில்லை. பாதிப் பேருக்குப் பெயர் போட்டால் பிடிக்காது, மீதிப் பேரில் ஒருவரை விட்டுவிட்டால் ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவார்கள். உங்களைத்தான் சொல்கிறேன் என்று உங்களுக்கே விளங்கும்.

நான் பெரிய ஆட்டக்காரன் இல்லை. தேசிய அணியின் பயிற்சி முகாமுக்குக் கூப்பிட்டார்கள், பார்த்தார்கள், அனுப்பிவிட்டார்கள், அத்தோடு சரி. என் பிழைப்பு வேறு மாதிரி. சீசன் தொடங்கிக் கொஞ்ச மேட்ச் போனபின் எங்காவது ஒரு கழகத்தின் முன்கள வீரனுக்கு முழங்கால் போகும், இல்லாவிட்டால் அவனுக்குப் படை அணி ஒன்றில் இடம் கிடைத்துப் போய்விடுவான், உடனே எனக்கு ஒரு போன் வரும்: 'நாளைக்கு பிராக்டிசுக்கு வரலாமா?' வருவேன். நம் இலங்கையில் இராணுவம், கடற்படை, விமானப்படை, பொலிஸ் அணிகளில் ஆடுகிறவனுக்கு உத்தியோகமும் மாதச் சம்பளமும் உண்டு. மற்றக் கழகங்களில் பெரும்பாலும் மேட்சுக்கு இவ்வளவு என்று கையில் தருவதுதான், அதுவும் தந்தால். இப்படிக் கழகம் கழகமாகப் போன ஒருவன் முப்பத்தைந்து தாண்டும்வரை தாக்குப்பிடித்தது அவன் காலின் புண்ணியத்தால் மட்டும் அல்ல.

பழைய சோனகத் தெரு ஹார்ட்வெயார் முதலாளிக்குத்தான் முதல் நன்றி. பின்னேரம் மூன்று மணிக்குத்தான் அங்கே லொறிக்குச் சாமான் ஏற்றும் நேரம், பிவிசி குழாயும் பெயின்ட் வாளியும் நடைபாதை முழுக்கக் கிடக்கும், சுமை தூக்கும் நாட்டாமைமார் கத்திக்கொண்டு நிற்பார்கள். சரியாக அந்த நேரம் பார்த்து நான் பையைத் தூக்கிக்கொண்டு சுகததாச அரங்குக்கோ சிட்டி லீக் மைதானத்துக்கோ கிளம்புவேன். முதலாளி பில் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கமாட்டார். 'கோல் அடிச்சா நாளைக்குச் சொல்லு, அடிக்காட்டி நேரத்தோட வா' என்பார். சம்பளத்தில் ஒரு சதம் பிடித்ததில்லை. அவருக்கு உதைபந்தாட்டம் ஒரு துளியும் பிடிக்காது, கிரிக்கெட் பைத்தியம். அதனால்தான் இந்த நன்றி இன்னும் பெரியது.

அப்புறம் எனக்குப் பந்து தந்த பேருவளை நானா. இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் வெளியில் இருப்பவர்களுக்கு இது தெரிவதில்லை. கோல் காப்பாளன் எந்தக் கழகத்துக்கு மாறினாலும் கம்பம் அதே எட்டடி உயரம், எட்டு யார் அகலம்தான். முன்கள வீரன் நிலைமை அப்படி இல்லை, அவன் இன்னொருவனின் காலை நம்பித்தான் ஓட வேண்டும். பின்கள வீரனின் முதுகுப் பக்கம் ஒட்டி நின்று, அவன் பந்தைப் பார்க்கத் தலையைத் திருப்பும்போது புறப்படுவது என் பழக்கம். பந்து நானாவின் காலைவிட்டுக் கிளம்பும் கணத்தில் நான் பின்கள வீரனைத் தாண்டிவிட்டேனா என்பதுதான் ஓப்சைட் கணக்கு, அதனால் நான் சரியாக ஓடினாலும் அவர் அரை விநாடி பிந்தினால் லைன்ஸ்மனின் கொடி ஏறிவிடும், திட்டு எனக்குத்தான் விழும். அந்த நேரக்கணக்கு ஒருவரோடு ஒருவர் பழகித்தான் வரும். பழகி முடியும்போது நான் பெரும்பாலும் வேறு ஜேர்சியில் இருப்பேன்.

நானா மட்டும்தான் முதல் நாளே பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்து கேட்டவர்: 'தம்பி, காலுக்கா, முன்னுக்கா?' முன்னுக்கு, பின்கள வீரனின் இடது பக்கத்தால், என்றேன். பிராக்டிஸ் முடிந்து எல்லோரும் பஸ் பிடிக்கப் போனபின் இரண்டு தண்ணீர்ப் போத்தலை நட்டு அவைதான் பின்கள வீரர்கள் என்று வைத்துக்கொண்டு, பந்து கண்ணுக்குத் தெரியாமல் போகும்வரை தந்துகொண்டே இருந்தார். ஒரு கிழமைக்குப் பிறகு நான் கையைக்கூட உயர்த்தத் தேவைப்படவில்லை, அவர் என் தோள் சாய்வதைப் பார்த்தே தந்துவிடுவார். அந்த சீசனில் என் கோல்களில் பாதிக்கு மேல் அவர் காலிலிருந்து வந்தவை. பத்திரிகையில் அடித்தவன் பெயரும் நிமிடமும்தான் வந்தது. நானா, அந்தச் செய்திகளில் உங்கள் பெயரும் இருந்திருக்க வேண்டும்.

கணுக்கால் திரும்பிய கதையும் இருக்கிறது. எங்கள் கழகங்களில் பிசியோ என்று தனியாக ஒருவர் இருப்பது அபூர்வம். நாவலப்பிட்டி ஜயதிலக மைதானத்தில் மழைச் சேற்றில் கால் புதைந்து திரும்பி, கோழி முட்டை அளவுக்கு வீங்கிவிட்டது. மெனேஜர் அண்ணா ஓடிப்போய் சந்தையில் மீன் பெட்டியிலிருந்து ஐஸ் வாங்கி, சிலி சிலி பேக்கில், அதுதான் பொலித்தீன் பையில், கட்டிக்கொண்டு வந்தார். கொழும்பு வரும்வரை ரயிலில் என் காலைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, ஐஸ் உருக உருகப் பையைத் திருப்பித் திருப்பி வைத்தபடி வந்தார். பெட்டி முழுக்கச் சூரை வாசம். எதிரில் இருந்த அம்மா எழுந்து வேறு சீட்டுக்குப் போய்விட்டார், அவரைக் குறை சொல்ல முடியாது. அண்ணா, உங்கள் காற்சட்டையில் அந்த வாசம் எப்போது போனது என்று நான் கேட்கவே இல்லை.

மாலைதீவு. 2008 ஜூனில் சுகததாசவில் தெற்காசியக் கிண்ண இறுதியாட்டம், மாலைதீவு ஒன்றுக்குப் பூச்சியம் என்று இந்தியாவை அடித்தபோது நான் கலரியில் இருந்தேன். மாலைதீவின் நட்சத்திர வீரர் அலி அஷ்பாக் மாதிரி ஒருவரோடு ஒரே லீக்கில் ஆடலாம் என்று அன்றைக்கு யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். பிறகு உண்மையிலேயே போனேன். வெளிநாட்டுக் கழகத்துக்குப் போவதென்றால் சர்வதேச மாற்றுச் சான்றிதழ் வேண்டும், எல்லாம் ஃபிஃபாவின் கணினி முறையில் ஏற்ற வேண்டும், பதிவுக் காலம் மூடிவிட்டால் அந்த சீசன் போச்சு. கடைசி நாள் இரவு எங்கள் கழகத்தில் கணக்குப் பார்த்த அக்கா கரண்ட் போய்ப் போய் வர, பிளேன்டீயைக் குடித்துக்கொண்டு அந்தப் பத்திரங்களை ஒவ்வொன்றாக ஏற்றினார். அது அவர் வேலையே இல்லை, அவருக்குக் கைக்குழந்தை வேறு.

அங்கே கடைசி மாதங்களில் சம்பளம் வரவில்லை. எந்தக் கழகம் என்று சொல்லப் போவதில்லை, கேட்டுக் கேட்டு நானும் களைத்துவிட்டேன். அந்த நாட்களில் மாலேயில் ஹோட்டல் வேலை பார்த்த ஹட்டன் பொடியன்மார் தங்கள் அறையில் எனக்குப் பாய் விரித்தார்கள், சோறும் பருப்பும் மாசிச் சம்பலும் போட்டார்கள், கடைசியில் கட்டுநாயக்கவுக்கு விமான டிக்கெட்டும் அவர்களே எடுத்துத் தந்தார்கள். திருப்பிக் கொடுத்தபோது பாதியைத்தான் வாங்கினார்கள். மீதி பாக்கி இருக்கிறது தம்பிமாரே, விடமாட்டேன்.

2021இல் பத்து அணிகளோடு சுப்பர் லீக் தொடங்கியது, தொழில்முறை லீக் என்று நம் நாட்டில் அதுதான் முதல். வயது ஏறிய பிறகு வந்தாலும், ஒப்பந்தம் என்று ஒரு கடதாசியில் கையெழுத்து வைத்தேன். கொரோனா வந்து இடையில் நிறுத்தினார்கள். அடுத்த வருடம் பெற்றோல் இல்லை. மோட்டார் சைக்கிளுக்குக் கிழமைக்கு நாலு லீட்டர் என்று கியூஆர் கோட்டா கொடுத்த காலத்தில், ஜம்பட்டா வீதி மச்சான் தன் நாலு லீட்டரில் என்னை பிராக்டிசுக்கு ஏற்றிப் போய்விட்டு, தான் வேலைக்கு பஸ்ஸில் தொங்கிக்கொண்டு போனான். 2023 ஜனவரியில் நம் நாட்டு உதைபந்தாட்டத்துக்கு ஃபிஃபா தடை, ஆகஸ்ட்டில்தான் எடுத்தார்கள். அதைப் பற்றி எழுதினால் நன்றி மடல் வேறு மடலாகிவிடும், வேண்டாம்.

என்னை மடக்கிய பின்கள வீரர்களுக்கும் நன்றி, குறிப்பாக ஆட்டம் முழுக்க முழங்கையால் விலாவில் குத்திவிட்டு, முடிந்தபின் 'மல்லி (தம்பி), கோட்டை வரைக்கும் இறக்கிவிடட்டா?' என்று கேட்ட அந்த நீர்கொழும்பு ஐயாவுக்கு. யாழ்ப்பாணம் துரையப்பா மைதானத்தில் வேலிக்கு வெளியே நின்று என் பரம்பரையையே திட்டிய அண்ணன்மாருக்கும்தான். இரண்டாவது கோலுக்குக் கைதட்டியதும் நீங்கள்தான், நான் பார்த்தேன்.

வீட்டில். அம்மா மேட்ச் அன்று கொச்சிக்கடை அந்தோனியாருக்கு மெழுகுதிரி ஏற்றுவார், தோற்றால் அந்தோனியாரோடு கதைக்கமாட்டார். மனைவியின் மொன்டிசோரிச் சம்பளம்தான் எங்கள் வீட்டின் நிரந்தர வருமானம், என்னுடையது மழை மாதிரி. நனைந்த பூட்ஸுக்குள் பேப்பரைச் சுருட்டித் திணித்துக் காய வைப்பதும் அவர்தான். ஒரு தடவை நான் கோல் அடித்த செய்தி வந்த பக்கமே உள்ளே போய்விட்டது. எடுத்துக் காட்டினேன். 'காய்ஞ்சிட்டுதா இல்லையா?' என்று மட்டும் கேட்டார்.

அடுத்த மாதத்திலிருந்து ஞாயிறு காலையில் எங்கள் பக்கத்துச் சின்னப் பிள்ளைகளுக்குப் பழக்கப் போகிறேன், காசு வாங்காமல். உங்கள் வீட்டில் பிள்ளைக்குச் சிறிதாகிப்போன பூட்ஸ் கிடந்தால் எறிந்துவிடாதீர்கள், எனக்குத் தாருங்கள். அடி கழன்றிருந்தாலும் பரவாயில்லை, தைத்துக்கொள்ளலாம். முக்கியமாக மூன்று, நாலு, ஐந்து சைஸ். நானா, நீங்களும் ஒரு ஞாயிறு வாருங்கள், போத்தல் நான் கொண்டுவருகிறேன்.