முதல் சிங்கிள் வெளியிடப்போகும் தமிழ் இசைக்குழுக்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்பு நண்பர்களே,

கிட்டார், பேஸ், டிரம்ஸ், குரல் என்று நாலைந்து பேர் சேர்ந்து, சினிமா வாய்ப்புக்குக் காத்திராமல் சொந்தப் பாட்டோடு வருகிறீர்கள். எங்களுக்கு அதில் பெரிய மகிழ்ச்சி. ஒன்றே ஒன்று கேட்கிறோம்: மாஸ்டர் (வெளியிடத் தயாரான இறுதி ஒலிக்கோப்பு) கைக்கு வந்த நாளுக்கும் வெளியீட்டு நாளுக்கும் நடுவே நான்கு வாரம் விடுங்கள். மாதக்கணக்கில் உழைத்த பாட்டு, கடைசி மூன்று நாள் அவசரத்தில் வீணாகக் கூடாது.

முதல் வாரம் மாஸ்டரைக் கேட்பதற்கு. ஸ்பாட்டிஃபை இயல்பாகவே எல்லாப் பாட்டையும் மைனஸ் 14 எல்.யு.எஃப்.எஸ். (பாட்டின் சராசரி சத்தத்தை அளக்கும் அலகு; பூஜ்யத்தை நெருங்க நெருங்கச் சத்தம் கூடும்) சத்தத்துக்குக் கொண்டுவந்துவிடும். மைனஸ் 7 வரை நசுக்கிய மாஸ்டர் அங்கே 7 டெசிபல் இறங்கும். இறங்கிய பிறகும் லிமிட்டரில் (சத்தத்தின் உச்சங்களை அமுக்கும் கருவி) மழுங்கிய ஸ்நேர் டிரம்மின் அடி மழுங்கியதுதான். சரணம் முடிந்து பல்லவி திரும்பும்போது வரவேண்டிய எழுச்சி வராது. அதற்காக மைனஸ் 14-க்கே மாஸ்டர் செய்ய வேண்டும் என்றில்லை. ஸ்நேர் அடி உயிரோடு இருக்கும்வரை ராக் பாட்டுக்கு மைனஸ் 10 நன்றாகவே இருக்கும். ஒலி அலையின் உண்மையான உச்சமான ட்ரூ பீக்கை மட்டும் மைனஸ் 1 டெசிபலில் நிறுத்துங்கள். சத்தமான மாஸ்டர் என்றால் மைனஸ் 2. பூஜ்யத்தை ஒட்டி நிற்கும் கோப்பை ஸ்பாட்டிஃபை போன்ற தளம் சுருக்கும்போது அலையின் முகடு எல்லை தாண்டி, ஒவ்வொரு ஸ்நேர் அடியிலும் ‘கிரக்’ என்று கேட்கும். 24 பிட் வேவ் கோப்பையே கொடுங்கள். எம்பி3-ஐ வேவாக மாற்றிக் கொடுத்தால் அது இரண்டாம் முறை சுருங்கும், சிம்பல் சலசலக்கும்.

அடுத்தது பங்கு. பாட்டுக்கு இரண்டு உரிமை உண்டு: ஒலிப்பதிவு ஒன்று, வரியும் மெட்டும் மற்றொன்று. பாட்டைத் தளங்களில் ஏற்றித் தரும் விநியோக நிறுவனம் பொதுவாக முதலாவதற்கு மட்டுமே பணம் வாங்கித் தரும். இரண்டாவதற்கு எழுதியவரும் மெட்டமைத்தவரும் ஐ.பி.ஆர்.எஸ். என்ற உரிமைத்தொகை வசூல் சங்கத்தில் சேர்ந்து பாட்டைப் பதிய வேண்டும். யாருக்கு எத்தனை சதவீதம் என்று ஒரு தாளில் எழுதி, எல்லோரும் கையெழுத்துப் போட்ட பிறகு பதிவேற்றுங்கள். பிரிட்டிஷ் ராக் குழுவான குயீனின் ‘பொஹீமியன் ராப்சடி’ 1975 அக்டோபர் 31-ல் வந்தது. எழுதியவர் பாடகர் ஃப்ரெடி மெர்குரி. இசைத்தட்டின் மறுபக்கத்தில் டிரம்மர் ராஜர் டெய்லரின் பாட்டு. மக்கள் வாங்கியது முன்பக்கப் பாட்டுக்காக என்றாலும், தட்டு விற்பனையில் இருவருக்கும் சம உரிமைத்தொகை. இது குழுவுக்குள் மனத்தாங்கலானது. 1989-ல் வந்த ‘தி மிராக்கிள்’ ஆல்பத்தில் எல்லாப் பாட்டையும் குழுவின் பெயரிலேயே போட்டார்கள். அத்தனை பெரிய குழுவுக்கே வந்த சிக்கல் இது.

பெயரில் கவனம் வேண்டும். ‘ழ’கர எழுத்தை ஆங்கிலத்தில் ஒருமுறை ஒருவிதமாகவும் மறுமுறை வேறுவிதமாகவும் எழுதினால், ஒரே குழுவுக்குத் தளத்தில் இரண்டு பக்கம் முளைக்கும். அதே பெயரில் வேறொருவர் இருந்தால் பாட்டு அவர் பக்கத்தில் போய் உட்காரும். ஒரு எழுத்துக்கூட்டலை முடிவுசெய்து கடைசிவரை அதையே வைத்துக்கொள்ளுங்கள். பதிவேற்றும் படிவத்தில் மொழி என்ற இடத்தில் ‘தமிழ்’ தேர்ந்தெடுங்கள். அட்டைப்படம் 3000-க்கு 3000 பிக்சல் சதுரம்; அதில் இணைய முகவரி, இன்ஸ்டாகிராம் பெயர் இருந்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள், ஒரு வாரம் போகும்.

ஸ்பாட்டிஃபையின் பாட்டுப் பட்டியல் ஆசிரியர்களுக்குப் பாட்டைப் பரிந்துரைக்க வெளியீட்டுக்கு 7 நாளாவது முந்த வேண்டும். அப்போதுதான் உங்களைப் பின்தொடர்பவர்களின் ‘ரிலீஸ் ரேடார்’ பட்டியலில் அது நிச்சயமாக வரும். 2015 ஜூலையிலிருந்து உலகமெங்கும் புதுப் பாட்டுக்கு வெள்ளிக்கிழமைதான் நாள். நம் ஊரில் பெரிய படம் வருவதும் பெரும்பாலும் அன்றுதான். அப்படிப்பட்ட வாரமென்றால் தயங்காமல் ஒரு வாரம் தள்ளுங்கள்.

கடையில் வாங்கிய லூப்பை (திரும்பத் திரும்ப ஒலிக்கும் ஆயத்த இசைத்துணுக்கு) அப்படியே போட்டிருந்தால் யூடியூபின் கன்டென்ட் ஐடியை (உங்கள் ஒலி வேறு வீடியோவில் வந்தால் கண்டுபிடித்து உரிமை கோரும் ஏற்பாடு) இயக்காதீர்கள். அதே லூப்பை வாங்கிய இன்னொருவர் பாட்டின்மேல் உங்கள் பெயரில் உரிமைக்கோரல் போகும். ஒவ்வொரு ஒலிப்பதிவுக்கும் தரப்படும் அடையாளமான ஐ.எஸ்.ஆர்.சி. எண்ணின் 12 எழுத்தையும் பத்திரமாகக் குறித்து வையுங்கள். பின்னாளில் விநியோக நிறுவனத்தை மாற்றினால் அதே ஒலிப்பதிவுக்கு அதே எண்ணைக் கொடுங்கள். புது எண் கொடுத்தால் அதுவரை சேர்ந்த கேட்பு எண்ணிக்கை போய், பூஜ்யத்திலிருந்து தொடங்கும்.

அன்புடன்,
மிக்சிங், மாஸ்டரிங், விநியோக வேலை பார்க்கும் நாங்கள்