பூசணத்துக்கு ஏர் ப்யூரிஃபையர் வாங்கும் முன் சுவரைப் பாருங்கள்

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் மழைக்காலத்துக்கு வீட்டில் இருக்கவேண்டிய மின்சாதனங்கள் என்று ஒரு கட்டுரை வந்திருந்தது. அதில் ஏர் ப்யூரிஃபையர், அதாவது அறைக் காற்றை வடிகட்டிச் சுத்தம் செய்யும் மெஷின் பற்றிச் சொல்லும்போது, சுவரில் பூசணம் பிடிக்கும் வீடுகளுக்கு இதுவே தீர்வு என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். இதே வரியைக் கடைக்காரர் சொல்லக் கேட்டு ஒன்பதாயிரம் ரூபாய் கொடுத்தவள் நான். இந்த மழைக்கும் பலர் கடைக்குப் போவார்கள் என்பதால் எழுதுகிறேன்.

வேளச்சேரியில் ஒரு வாடகை வீட்டின் தரைத்தளத்தில் 11 வருடமாக இருக்கிறேன். முன்னறையில் தையல் மிஷின், உள்ளறையில் மகளும் பேரனும் நானும். பேரனுக்கு வீசிங் உண்டு. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தபோது வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர் இரண்டு நாள் நின்றது. பொங்கலுக்கு முன்னால் வீட்டு ஓனர் ஆள் வைத்துப் பட்டி பார்த்து, வெளிர்மஞ்சள் பெயின்ட் அடித்துக் கொடுத்தார். பளிச்சென்று இருந்தது. அடுத்த ஐப்பசியில் பீரோவுக்குப் பின்னால் ஓதம் ஏறி, பெயின்ட் அப்பளம் மாதிரி உப்பிக்கொண்டு வந்தது. பீரோவை நகர்த்திப் பார்த்தால் தரையிலிருந்து இரண்டடி உயரத்துக்குக் கறுப்பு. விரல் வைத்தால் மாவு போல ஒட்டியது. பீரோவின் அடித்தட்டில் வைத்திருந்த லைனிங் துணிக் கட்டிலும் சாம்பல் புள்ளிகள்.

அன்று நான் செய்த தவறையும் சொல்லிவிடுகிறேன். காய்ந்த தென்னந்துடைப்பத்தால் அந்தக் கறுப்பை வரட்டு வரட்டென்று தேய்த்துத் தள்ளினேன். அன்று ராத்திரி பிள்ளை படுக்கவே இல்லை. மூன்று மணிக்கு நெபுலைசர் வைக்க ஓடினோம். பூசணத்தை உலர்ந்தபடி தேய்த்தால் அதன் வித்துகள் அறை முழுக்கப் பறக்கும் என்று அப்புறம்தான் தெரிந்தது. முகத்தில் மாஸ்க் கட்டிக்கொண்டு, சோப்புத் தண்ணீரில் நனைத்த துணியால் துடைத்தெடுத்து, துணியைக் கவரில் போட்டுக் கட்டி வெளியே போட வேண்டுமாம். குழந்தையை அந்தப் பக்கமே விடக்கூடாது.

மறுநாளே மெஷின் வாங்கப் போனோம். கடையில் இருந்த பையன் எத்தனை சதுர அடி என்று ஒரு கேள்விதான் கேட்டான். எங்கள் அறை பத்துக்குப் பன்னிரண்டு. பெட்டியில் 300 சதுர அடி வரை என்று பெரிய எழுத்தில் போட்டிருந்தது, தாராளமாகப் போதும் என்றான். வீட்டில் ஓடவிட்டோம். பதினைந்து நாளில் பிள்ளையின் இருமல் கொஞ்சம் குறைந்தது உண்மை. ஆனால் அறையைத் திறந்தால் அடிக்கும் அந்த மக்கல் வாடை போகவில்லை, சுவரில் கறுப்பும் ஏறிக்கொண்டே இருந்தது. மெஷினில் பச்சை விளக்கு எரிந்துகொண்டே இருக்கும். சாம்பிராணி போட்டால் சிவப்பாகும், மிளகாய் தாளித்தால் சிவப்பாகும், பூசணச் சுவரை ஒட்டி வைத்தாலோ பச்சைதான். அந்த சென்சார் நுண்தூசியையும் புகையையும் பார்க்கிறது. பூசணத்தைத் தனியாகக் கண்டுபிடிக்க அதற்குத் தெரியாது. பச்சை விளக்கைப் பார்த்து நிம்மதியாக இருந்த நாட்களை நினைத்தால் இன்றும் மனம் பதைக்கிறது.

பேரனைப் பார்க்கும் குழந்தைகள் டாக்டர்தான் "மெஷின் இருக்கட்டும்மா, சுவர் ஏன் ஈரமா இருக்கு?" என்று கேட்டார். அதைக் கண்டுபிடித்தவர் எங்கள் தெருக் கொத்தனார். ஒரு முழ அளவுக்குக் கண்ணாடி போன்ற பாலிதீன் தாளை வெட்டி, சுவரில் வைத்து நாலு பக்கமும் டேப் ஒட்டி, இரண்டு நாள் தொடாதீர்கள் என்றார். ஈரம் அறைக் காற்றில் இருந்தால் தாளின் வெளிப்பக்கம் நனையும், சுவருக்குள்ளிருந்து வந்தால் உள்பக்கம் முத்து கட்டும். எங்கள் தாளின் உள்பக்கம் வரிசையாக நீர்முத்து. சுவருக்கு அந்தப் பக்கம் குளியலறை, உள்ளே புதைத்த பைப்பில் கசிவு. வெள்ளம் வடிந்து பத்து மாதத்துக்கு மேல் ஆகியும் சுவர் காயாமல் இருந்ததற்கு அதுதான் காரணம்.

இதற்குப் பிறகு மகள் உட்கார்ந்து நிறையப் படித்து எனக்குச் சொன்னாள். பூசண வித்துகள் பெரும்பாலும் 2 முதல் 10 மைக்ரான் அளவு. ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. மெஷினுக்குள் இருக்கும் ஹெப்பா என்னும் நுண்வடிகட்டி, நல்லதாக இருந்தால் 0.3 மைக்ரான் துகளிலேயே 99.97 சதவீதத்தைப் பிடிக்கிறது, எனவே காற்றில் மிதக்கும் வித்து அதற்கு ஒரு பொருட்டே இல்லை. ஆனால் சுவரில் வேர்விட்டு வளர்வதை எந்த ஃபில்டரும் போய்த் தொடாது. அது நாள் முழுக்க வித்தை உதிர்த்துக்கொண்டே இருக்கும். உதிர்ந்ததில் கொஞ்சம் மெஷினுக்குள் போகும், மிச்சம் மெத்தையிலும் தரையிலும் படியும். இன்னொன்று, ப்யூரிஃபையர் காற்றின் ஈரத்தைக் குறைக்காது. குறைக்கும் என்றுதான் நான் நினைத்திருந்தேன். ஈரத்தை எடுப்பது டீஹ்யூமிடிஃபையர் என்னும் வேறு சாதனம், அல்லது ஏசியின் டிரை மோட்.

சரி, மெஷினே வேண்டாமா என்றால், வேண்டும். ஈரத்தை நிறுத்திய பிறகு அது நல்ல துணை, வீசிங் பிள்ளை இருக்கும் வீட்டில் நிச்சயம் உதவும். அப்போது பார்க்கவேண்டியது பெட்டியின் பக்கவாட்டில் பொடி எழுத்தில் இருக்கும் சிஏடிஆர் என்ற எண். ஒரு மணி நேரத்தில் எத்தனை கன மீட்டர் சுத்தக் காற்றை மெஷின் கொடுக்கும் என்பது அது. எங்கள் அறை பத்தடி உயரம். மொத்தம் 1,200 கன அடி, அதாவது ஏறக்குறைய 34 கன மீட்டர். மணிக்கு ஐந்து முறையாவது காற்று முழுதும் ஃபில்டர் வழியாகப் போய் வர வேண்டும் என்று வைத்தால் சிஏடிஆர் 170 வேண்டும். நாங்கள் வாங்கியதில் இருந்தது 120. அதுவும் உச்ச வேகத்தில். அந்தச் சத்தத்தில் யாரும் தூங்க முடியாது, ராத்திரி வேகத்தைக் குறைத்தால் பாதிகூடக் கிடைக்காது. அதனால் கணக்கில் வருவதைவிடப் பெரிதாகவே வாங்கி நடு வேகத்தில் ஓட்டுவது நல்லது. பெட்டியில் 'ஹெப்பா டைப்' என்று போட்டிருந்தால் ஏமாறாதீர்கள், அது அசல் ஹெப்பாவாக இல்லாமல் இருக்கலாம். அசல் ஹெப்பாவின் தரக்குறியான எச்13 இருக்கிறதா பாருங்கள். மாற்று ஃபில்டர் என்ன விலை, எத்தனை மாதத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும் என்பதையும் மெஷின் விலையோடு சேர்த்துக் கேளுங்கள். ஃபில்டர் ஈரமானால் அதிலேயே பூசணம் பிடிக்கும். முன் ஜாலியைக் கழுவினால் நன்றாகக் காய்ந்த பிறகே மாட்ட வேண்டும். எங்கள் வீட்டு ஜாலியை முதல்முறை கழற்றியபோது துணிப்பஞ்சும் நூல் பிசிறும் கம்பளி மாதிரி திரண்டிருந்தது. தையல் நடக்கும் வீட்டில் வாரம் ஒருமுறை பார்த்தாக வேண்டும்.

வெள்ளத்துக்குப் பிறகு எங்கள் பகுதியில் ஓசோன் மெஷின் வைத்து ஒரே நாளில் பூசணத்தைக் கொன்றுவிடுகிறோம் என்று நோட்டீஸ் கொடுத்தார்கள். தயவுசெய்து யாரும் ஒத்துக்கொள்ளாதீர்கள். மனிதர் சுவாசிக்கத் தகுந்த அளவில் ஓசோன் பூசணத்தைக் கொல்லாது, கொல்லும் அளவுக்கு விட்டால் நம் நுரையீரலையும் அரிக்கும். அமெரிக்காவின் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை இதைத் தெளிவாகவே எச்சரித்திருக்கிறது. செத்த பூசணம்கூட அலர்ஜியைத் தூண்டும், ஆகவே கொன்றால் போதாது, துடைத்து அப்புறப்படுத்த வேண்டும்.

எங்கள் வீட்டில் கடைசியில் நடந்தது இது: புதைந்த பைப்பை மாற்றினோம். செங்கல் தெரியும்வரை நாலடி உயரத்துக்குப் பூச்சைக் கொத்தியெடுத்து, ஒரு மாதம் ஃபேன் போட்டுக் காயவிட்டு, பிறகுதான் பூசினோம். ஊறிப்போன இலவம்பஞ்சு மெத்தையை மனசில்லாமல் தூக்கிப் போட்டேன். குபேர மூலையில் சுவரோடு ஒட்டியிருந்த பீரோ அதே மூலையில்தான் இருக்கிறது, ஆனால் நாலு விரல் இடைவெளி விட்டு. அதன் பின்னால் இப்போது காற்று போகிறது. மழை நாளில் அறைக்குள் கொடி கட்டித் துணி உலர்த்துவதை நிறுத்தினேன். நானூறு ரூபாய்க்கு ஒரு ஈரப்பத மீட்டர் வாங்கி வைத்தோம். பழுது பார்க்கும் முன் அதில் 84 சதவீதம் காட்டியது. 60-க்குக் கீழே இருந்தால் பூசணத்துக்குச் சிரமம் என்கிறார்கள். இப்போது ராத்திரி படுக்கும் முன் ஏசியை டிரை மோடில் இரண்டு மணி நேரம் ஓட்டினால் 58-க்கு வருகிறது. எல்லாம் முடிந்த பிறகு, சிஏடிஆர் 250 உள்ள மெஷின் ஒன்றை மகள் வாங்கினாள். பழையது முன்னறையில் பஞ்சு பிடிக்கிறது.

பழுதுச் செலவுக்கு ஓனர் முதலில் ஒத்துக்கொள்ளவில்லை. தமிழ்நாட்டில் வீட்டு உரிமையாளர், வாடகைதாரர் உரிமைகள், பொறுப்புகள் பற்றி 2017-இல் ஒரு சட்டம் வந்திருக்கிறது. வாடகைதாரர் சேதப்படுத்தாத வரை கட்டடப் பழுதும், தேவையானபோது பைப் மாற்றுவதும் உரிமையாளர் பொறுப்பு என்று அதன் அட்டவணையிலேயே இருக்கிறது. மகள் அதை அச்செடுத்துக் காட்டிய பிறகு மூன்று மாத வாடகையில் கழித்துக்கொள்ளச் சொன்னார். பூசணத்தின் மேல் பட்டி பார்த்து அடுத்த குடித்தனத்துக்கு விடும் வீடுகள் எங்கள் தெருவிலேயே நாலைந்து தெரியும். அங்கெல்லாம் சின்னப் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஈரமும் பூசணமும் உள்ள வீட்டில் இருப்பவர்களுக்கு மூச்சுக்கோளாறு வரும் ஆபத்து அதிகம் என்று உலக சுகாதார நிறுவனம் 2009-லேயே தனி வழிகாட்டி வெளியிட்டிருக்கிறது.

அதனால் ஆசிரியர் அவர்களே, அடுத்த முறை இந்த மெஷின் பற்றி எழுதும்போது சிஏடிஆர் கணக்கைத் தமிழில் போடுங்கள். விற்கும் கடைக்காரர்களும் சதுர அடி கேட்பதற்கு முன்னால் சுவர் ஈரமா என்று கேட்டால், பல குடும்பங்களுக்கு ஒரு மழைக்காலம் மிச்சமாகும்.

நேற்று எதிர்வீட்டுப் பெண் வந்து, "அக்கா, எந்த மெஷின் வாங்கலாம்?" என்று கேட்டாள். பாலிதீன் தாளும் டேப்பும் கொடுத்து அனுப்பியிருக்கிறேன். நாளைக்கு வந்து சொல்கிறேன் என்றாள்.

இப்படிக்கு,
தையல் தொழில் செய்யும் வாசகி,
வேளச்சேரி, சென்னை.